நீலகிரி மலைக் கிராமப் பயணம்: வட சென்னையிலிருந்து கிளம்புகிறவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

பெரம்பூர், வியாசர்பாடி, தண்டையார்பேட்டை, திருவொற்றியூர் பக்கத்து ஆட்களைச் சேர்த்து நீலகிரியின் மலைக் கிராமங்களுக்கு ஐந்து நாள் அழைத்துப் போகிறோம். கோத்தகிரியில் தங்கல், அங்கிருந்து தினமும் ஒரு திசை. போனில் திரும்பத் திரும்ப வரும் கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறோம். படித்துவிட்டு அழைத்தால் இரண்டு தரப்புக்கும் நேரம் மிச்சம்.

ஐந்து நாளும் எங்கே போவோம்?

இரவு ஒன்பது மணி வாக்கில் சென்ட்ரலில் நீலகிரி எக்ஸ்பிரஸ். விடிந்தால் மேட்டுப்பாளையம். முதல் நாள் மலையேறி கோத்தகிரி சேர்ந்து, சாயங்காலம் பக்கத்துப் படகர் ஊர் ஒன்றில் நடை. அதற்கு மேல் அன்றைக்கு எதுவும் வைப்பதில்லை. ராத்திரி ரயிலில் தூங்காதவர்களை அலைக்கழித்துப் பயனில்லை. இரண்டாம் நாள் கிழக்குச் சரிவில் இருளர், குறும்பர் ஊர்கள். மூன்றாம் நாள் ஊட்டியைத் தாண்டி முத்தோரை பாலடாவில் உள்ள பழங்குடியினர் ஆய்வு மைய அருங்காட்சியகம், அப்புறம் ஒரு தோடர் மந்து (தோடர்கள் தங்கள் ஊரை அப்படித்தான் சொல்வார்கள்). நான்காம் நாள் கோத்தர் ஊர். ஐந்தாம் நாள் காலையில் கடைவீதி, கைவினைப் பொருள் கடை. மதியம் இறக்கம், இரவு ரயில். மறுநாள் காலையில் சென்ட்ரல். அன்றைக்கே ஷிப்டுக்குப் போகிறவர்களும் உண்டு, ஆனால் முதல் ஷிப்ட் வேண்டாம்.

திருவொற்றியூர், விம்கோ நகர்க்காரர்களுக்கு மெட்ரோ நேராக சென்ட்ரலில் விடும். பெரம்பூர், வியாசர்பாடிக்காரர்களுக்கு லோக்கல் ரயில் இருக்கவே இருக்கிறது. பிளாட்பாரத்தில் சந்திப்போம்.

ஊட்டி ஏரி, ரோஜா பூங்கா, தொட்டபெட்டா எல்லாம் உண்டா?

இல்லை. அதற்கு வேறு ஆட்கள் நிறைய இருக்கிறார்கள்.

எந்தெந்தப் பழங்குடி மக்களைச் சந்திப்போம்?

தமிழ்நாட்டில் மிகவும் நலிவுற்ற பழங்குடிகள் என்று அரசு வகைப்படுத்தியிருப்பது ஆறு சமூகங்களை. தோடர், கோத்தர், குறும்பர், இருளர், பணியர், காட்டுநாயக்கர். ஆறு பேருமே நீலகிரியில் வாழ்கிறார்கள். இந்தப் பயணத்தில் முதல் நான்கு சமூகங்களின் ஊர்களுக்குத்தான் போகிறோம்.

"பழங்குடி" என்ற ஒரே பெயரில் எல்லோரையும் சேர்த்துப் பார்க்கும் பழக்கம் முதல் இரண்டு நாளிலேயே போய்விடும். தோடர்கள் உயரமான புல்வெளியில் எருமை மேய்த்தவர்கள். மக்கள்தொகை 2,000 என்ற அளவில்தான். கோத்தர்கள் கைத்தொழில்காரர்கள்: இரும்பு, மரம், மண்பாண்டம். ஏழு ஊர்களில் வாழ்கிறார்கள். குறும்பரும் இருளரும் காடு அடர்ந்த சரிவுகளில் தேனும் கிழங்கும் எடுத்து, சாமை, ராகி விதைத்தவர்கள். ஒவ்வொரு சமூகத்துக்கும் தனித்தனி மொழி, எல்லாமே திராவிடக் குடும்பம். எருமை ஒருவரிடம், இரும்பு ஒருவரிடம், தேன் ஒருவரிடம், தானியம் படகரிடம் என்று ஒருவரை ஒருவர் நம்பி ஓடிய ஏற்பாடு அது. 19ஆம் நூற்றாண்டில் வெள்ளைக்காரர்கள் மேலே ஏறி, புல்வெளி தைல மரமும் தேயிலையும் ஆன பிறகு அந்தக் கொடுக்கல் வாங்கல் கலைந்தது. இன்றைக்கு நீங்கள் பார்க்கப்போவது தேயிலை பறிக்கிறவர்களை, அரசு வேலையில் இருப்பவர்களை, கோயம்புத்தூரில் படிக்கும் பிள்ளைகளை. இலை கட்டிய ஆட்களைத் தேடி வருகிறவர்கள் ஏமாந்து போவார்கள், முன்னாலேயே சொல்லிவிடுகிறோம்.

அருங்காட்சியகத்தை மூன்றாம் நாள் வைத்ததற்குக் காரணம் உண்டு. 1983-ல் தொடங்கிய மையம் அது. ஒவ்வொரு சமூகத்தின் வீடும் மாதிரியாகக் கட்டி வைக்கப்பட்டிருக்கும். அதை முதலில் பார்த்துவிட்டு ஊருக்குப் போனால், கண்ணாடிப் பெட்டியில் பார்த்ததையே மனிதர்களிடமும் தேடுவோம். ஊரைப் பார்த்துவிட்டு அங்கே போனால் கேள்விகள் வேறு மாதிரி வருகின்றன. "இந்தக் கூடை அங்கே வீட்டு வாசலில் கோழி மூடியிருந்தாங்களே" என்பார்கள்.

படகர்களும் பழங்குடிதானே?

அட்டவணைப் பழங்குடிப் பட்டியலில் இப்போது இல்லை. சேர்க்க வேண்டும் என்ற கோரிக்கை நெடுநாளாக இருக்கிறது. அந்த விவாதத்தை அவர்கள் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து நீங்கள் தொடங்க வேண்டாம். அவர்கள் தொடங்கினால் காது கொடுத்துக் கேளுங்கள், சுவாரசியமாக இருக்கும்.

பணியர், காட்டுநாயக்கர் ஊர்களை ஏன் விட்டுவிட்டீர்கள்?

அவர்கள் பெரும்பாலும் கூடலூர், பந்தலூர் பக்கம். ஊட்டியிலிருந்து கூடலூருக்கே ஐம்பது கிலோமீட்டர் வாக்கில். ஐந்து நாளில் அதையும் நுழைத்தால் பாதிப் பகலும் வேனுக்குள்தான். அதோடு யானை நடமாட்டம் அதிகம் உள்ள பகுதி, இருட்டுவதற்குள் திரும்பியே ஆக வேண்டும். அதைத் தனிப் பயணமாகச் செய்வதுதான் சரி.

போகிற ஊர்களின் பெயரை ஏன் இங்கே போடவில்லை?

பெயர் போட்டால் அடுத்த ஞாயிற்றுக்கிழமை யாராவது பைக்கில் போய் நிற்பார்கள். இருபது, முப்பது வீடு உள்ள ஊர்கள் அவை. எங்களை வரச் சொன்னவர்கள் இருக்கிறார்கள், எல்லோரையும் வரச் சொல்லவில்லை. பதிவு செய்தவர்களுக்கு ரயிலில் சொல்கிறோம்.

இரவில் கேம்ப் ஃபயர், பழங்குடி நடனம் இருக்குமா?

அதிகமாக வரும் கேள்வி இது. இல்லை என்று சொன்னதும் போனை வைத்துவிடுகிறவர்களும் உண்டு.

நம்ம பக்கம் சாவு வீட்டில் ராத்திரி முழுக்க கானா பாடுவார்கள். அந்தப் பாட்டில் செத்தவர் பெயர் இருக்கும், அவர் இழுத்த ரிக்‌ஷா இருக்கும், அவர் உட்கார்ந்த டீக்கடை இருக்கும். வெளியூர் வேன் ஒன்று தெருமுனையில் வந்து நின்று, "பத்து நிமிஷம் அதைப் பாடிக் காட்டுங்க, காசு தர்றோம்" என்றால் என்ன சொல்வோம்? கோத்தர்களின் குழலும் பறையும் அப்படித்தான். சாமிக்கும் சாவுக்கும் உரியவை. ஒரு காலத்தில் படகர்களின் சாவுக்கும் அவர்கள்தான் போய் வாசித்தார்கள். அது தங்களைக் கீழே வைக்கும் வேலை என்று தோன்றியபோது, கடந்த நூற்றாண்டில் படிப்படியாக நிறுத்திக்கொண்டார்கள். சாவுக்கு மேளம் அடிக்க மாட்டோம் என்று சொல்வது எவ்வளவு பெரிய காரியம் என்று வியாசர்பாடிக்கும் புளியந்தோப்புக்கும் நாங்கள் விளக்க வேண்டியதில்லை. அப்படி நிறுத்தியவர்களின் பேரப் பிள்ளைகளை, சுற்றுலா வந்தவர்களுக்காக ஆடச் சொல்ல எங்களுக்கு வாய் வராது.

ரிசார்ட்டுகளில் சாயங்காலம் ஆடிக் காட்டுகிறவர்கள் உண்டு. அது அவர்கள் பிழைப்பு, குறை சொல்ல மாட்டோம். ஆனால் எங்கள் பயணத்தில் அது இல்லை. ஊரில் திருவிழா நடந்து, அவர்களே கூப்பிட்டால் போய் ஓரமாக நிற்போம். டிசம்பர், ஜனவரியில் அப்படி வாய்ப்பு வரலாம். கோத்தர்களின் கம்பட்டராயர் விழா, படகர்களின் ஹெத்தையம்மன் விழா, முத்தநாடு மந்தில் தோடர்களின் மொத்வெத் எல்லாம் அந்தச் சமயத்தில்தான். மொத்வெத் அன்று தோடர் இளைஞர்கள் வழவழப்பான உருண்டைக் கல்லைத் தூக்கித் தோளுக்கு மேல் கொண்டுபோய்ப் பின்னால் தள்ளுவார்கள். ஜிம் போகிற நம்ம பையன்கள் அதைப் பார்த்துக் கை துறுதுறுத்து நிற்பார்கள். நிற்பதோடு சரி.

போட்டோ எடுக்கலாமா? ரீல்ஸ்?

மலையை, மாட்டை, உங்களை நீங்களே, எவ்வளவு வேண்டுமானாலும். மனிதர்களை, அவர்கள் சரி என்ற பிறகு. குழந்தைகளைப் பெற்றவர்கள் சரி என்றாலும் வேண்டாம் என்பது எங்கள் கட்டுப்பாடு. கோயில்களை எடுக்கக் கூடாது. ட்ரோன் கொண்டுவராதீர்கள்.

வட சென்னை என்றாலே கத்தி, சந்து, சாக்கடை என்று கேமராவைத் தூக்கிக்கொண்டு வருகிறவர்களைப் பார்த்துக் கடுப்பாகிறவர்கள்தானே நாம். காசிமேட்டில் வலை பின்னிக்கொண்டிருக்கும் ஆயாவைக் கேட்காமல் படம் பிடித்துவிட்டு, அவர் திட்டியதையும் சேர்த்துப் போட்டு லைக் வாங்குகிறார்கள். அதே வேலையை மேலே போய் நாம் செய்யக் கூடாது.

தோடர் வீட்டுக்குள் போய்ப் பார்க்கலாமா?

படத்தில் பார்த்திருப்பீர்கள்: பாதி பீப்பாயைக் கவிழ்த்தாற்போல் வளைந்த கூரை, மூங்கில், பிரம்பு, புல், குனிந்து தவழ்ந்து போகிற அளவில் ஒரே ஒரு வாசல். அப்படிப்பட்ட வீடுகள் மந்துகளில் இன்றைக்குக் குறைவு. பெரும்பாலும் கான்கிரீட் வீடுகள்தான். அதே வடிவத்தில் இருக்கும் இன்னொன்று அவர்கள் கோயில். அதற்குள் நாம் போகக் கூடாது, சுற்றுச் சுவரைத் தொடவும் கூடாது. பெண்கள் அதன் அருகிலேயே போகக் கூடாது என்பது அவர்கள் வழக்கம், அவர்கள் வீட்டுப் பெண்களுக்கும் அதுதான். எங்கள் குழுவில் வந்த பெண்கள் சிலருக்கு இது உறுத்தியது. உறுத்தினால் உறுத்தட்டும், அங்கே நின்று வாதம் செய்ய வேண்டாம் என்றுதான் கேட்டுக்கொள்கிறோம்.

நாங்கள் போகிற மந்தில் ஒரு வீட்டு முற்றத்தில் உட்கார்ந்து எம்பிராய்டரி பார்ப்போம். இதற்கு ஒரு மணி நேரமாவது ஒதுக்குகிறோம், அது போதாது என்றுதான் எல்லோரும் சொல்கிறார்கள். வெள்ளைப் பருத்தித் துணி, சிவப்பு நூல், கறுப்பு நூல். சட்டம் இல்லை, பென்சில் கோடு இல்லை, பார்த்துப் போட மாதிரியும் இல்லை. துணியின் பின்பக்கத்திலிருந்து ஊசி ஓடும். இடது கை விரல்நுனி துணியின் இழைகளைத் தடவித் தடவி எண்ணிக்கொண்டே போகும். பேசிக்கொண்டேதான் செய்வார்கள், எண்ணிக்கை தவறாது. முடிந்ததைத் திருப்பிப் பார்த்தால் தறியில் நெய்தது போலவே இருக்கும். 2013-ல் புவிசார் குறியீடு கிடைத்த வேலை இது. அந்தப் பெரிய போர்வைக்குப் பூத்துக்குளி என்று பெயர். இறந்தவரின் உடலுக்குப் போர்த்துவதும் அதைத்தான்.

மலைத்தேன் எடுப்பதைப் பார்க்க முடியுமா?

முடியாது, கேட்கவும் வேண்டாம். ஆனால் அதைப் பற்றிச் சொல்லக் கேட்கலாம். இரண்டாம் நாளின் பாதி அதற்குத்தான்.

பாறை முகத்தில் தொங்கும் பெரிய அடைகளைக் கட்டுவது மலைத்தேனீ. சித்திரை, வைகாசி வாக்கில் தேன் இறங்கும். காட்டுக் கொடியை முறுக்கி ஏணியாகப் பின்னுவார்கள். அதை உச்சியில் மரத்தில் கட்டித் தொங்கவிட்டு, இருட்டில் இறங்குவார்கள். பச்சை இலையைக் கட்டிக் கொளுத்திய புகை, நீளமான மூங்கில், ஒரு கூடை. தேனீயைப் பார்த்துப் பாடும் பாட்டும் உண்டு. மேலே கயிற்றுக்குக் காவல் இருப்பவர் இறங்குகிறவரின் மச்சானாக இருக்க வேண்டும் என்பது வழக்கம். ஏன் என்று நம்ம ஆள் ஒருவர் கேட்டார். "தங்கச்சி தாலி அந்தக் கயித்துலதானே இருக்குது, எப்படி விடுவான்?" என்று பதில் வந்தது.

அடையை முழுக்க அறுக்காமல் கொஞ்சம் விட்டுவிட்டு வருவார்கள். பாறையில் மீதி வைத்தால்தான் அடுத்த வருஷம் தேனீ வரும்.

குறும்பர் மந்திரம் வைப்பார்கள் என்கிறார்களே?

மலையில் பழைய பேச்சு அது. மற்ற ஊர்க்காரர்கள் அவர்களுக்குப் பயந்ததும் உண்மை. அந்தப் பயத்தினாலேயே 19ஆம் நூற்றாண்டில் குறும்பர்கள் கொல்லப்பட்டிருக்கிறார்கள், வெள்ளைக்கார அதிகாரிகளின் பதிவுகளில் அது இருக்கிறது. அதனால் அந்த ஊரில் இதை வைத்து ஜோக் அடிக்காதீர்கள். சுவரில் அவர்கள் வரையும் ஓவியத்தைப் பற்றிக் கேளுங்கள். செம்மண், இலைச் சாறு, வேங்கை மரப் பிசின் என்று எல்லாமே காட்டிலிருந்து எடுத்த நிறங்கள். இப்போது தாளிலும் துணியிலும் வரைந்து விற்கிறார்கள்.

குழந்தைகளுக்கு பிஸ்கட், பழைய துணி, நோட்டுப் புத்தகம் கொண்டுவரலாமா?

நல்ல மனசோடு கேட்கிறீர்கள், தெரியும். கொண்டுவராதீர்கள். வேன் வந்தால் கை நீட்ட வேண்டும் என்று ஒரு பிள்ளைக்குப் பழக்கிவிட்டால், அதை மாற்ற அந்த ஊர் ஆசிரியருக்குப் பல வருஷம் ஆகும். பள்ளிக்கு ஏதாவது தேவை என்று ஊரில் சொன்னால் நாங்கள் குழுவில் கேட்டு மொத்தமாக வாங்கித் தருகிறோம். அழுக்குத் துணியை மூட்டை கட்டி மலை மேல் ஏற்றும் புண்ணியம் வேண்டவே வேண்டாம்.

சாப்பாடு எப்படி? கருவாடு எடுத்துக்கொண்டு வரலாமா?

இரண்டாவது கேள்வி காசிமேட்டுக்காரர்களுடையது, ஒவ்வொரு முறையும் வரும். வஞ்சிரக் கருவாடு இரண்டு துண்டு இல்லாமல் ஐந்து நாள் ஓட்ட முடியாது என்கிற கஷ்டம் எங்களுக்குப் புரிகிறது. ரயிலில் பக்கத்து பெர்த்காரரை நினைத்துப் பாருங்கள், அவ்வளவுதான் சொல்வோம். ஒரு விஷயம் மட்டும் கட்டாயம்: மந்துக்குப் போகும் நாளில் பையில் வேண்டாம். தோடர்கள் வழிவழியாக மாமிசம் சாப்பிடாதவர்கள். பால், தயிர், மோர், நெய்தான் அவர்கள் சாப்பாட்டின் நடு.

கோத்தகிரியில் தங்குமிடத்தில் நம்ம வழக்கமான சாப்பாடு. கிராமத்தில் மதியச் சாப்பாடு அந்த ஊர் அக்காமார் சமைப்பது. ராகிக் களியும் கீரையும் இருக்கலாம், சாமைச் சோறு இருக்கலாம், ரேஷன் அரிசிச் சோறும் ரசமும் உருளைக்கிழங்குமாகவும் இருக்கலாம். "பாரம்பரிய உணவு இல்லையா?" என்று முகம் சுளிக்காதீர்கள். அவர்கள் வீட்டில் அன்றைக்கு அதுதான் சாப்பாடு. படகர் வீட்டில் அவரைக் குழம்பு கிடைத்தால் விடாதீர்கள்.

சாராயம், பீர் எதுவும் கிராமத்துக்குள் கிடையாது. குடித்துவிட்டு வருகிறவரைத் தங்குமிடத்திலேயே விட்டுவிட்டுப் போவோம். குடிப்பழக்கத்தோடு போராடும் ஊர்கள் அங்கேயும் இருக்கின்றன, இங்கே இருப்பது போலவே.

என்ன வாங்கலாம்? பேரம் பேசலாமா?

தேன், மிளகு, தேன்மெழுகு சோப்பு, குறும்பர் ஓவியம், தோடர் எம்பிராய்டரி. கோத்தகிரியில் இவற்றை விற்கும் கடைகள் இருக்கின்றன. உற்பத்தி செய்தவருக்கு என்ன போகிறது என்று கேட்டால் சொல்லக்கூடிய கடைக்கே அழைத்துப் போகிறோம்.

எம்.சி. ரோட்டில் ஆயிரம் சொன்னதை முந்நூறுக்கு முடித்துப் பழகிய கை நம்முடையது. அங்கே அந்தக் கைக்கு ஐந்து நாள் லீவு கொடுங்கள். ஒரு போர்வைக்கு வாரக்கணக்கில் இழை எண்ணியிருக்கிறார்கள். காசு ஒத்துவரவில்லை என்றால் சின்ன பர்ஸ், மொபைல் பை வாங்கலாம், அல்லது வாங்காமலே வரலாம். ஊட்டிக் கடைகளில் மிஷினில் போட்ட சிவப்பு கறுப்புப் பூவேலையையும் தோடர் வேலை என்று விற்கிறார்கள். கையால் செய்ததா என்று கேட்டு வாங்குங்கள்.

மலை ரயிலில் போவோமா?

டிக்கெட் கிடைத்தால். முன்பதிவு திறந்த உடனே தீர்ந்துவிடும், அதனால் உறுதி சொல்ல மாட்டோம். கிடைத்தால் மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் வரை ரயில், அங்கிருந்து வேனில் கோத்தகிரி. கிடைக்காவிட்டால் மேட்டுப்பாளையத்திலிருந்து நேராக வேன்.

கல்லாறிலிருந்து குன்னூர் வரை பல்சக்கரத்தில் ஏறும் பகுதிதான் இதில் விசேஷம். நடுத் தண்டவாளத்தின் பற்களில் இன்ஜினின் பல்சக்கரம் கடித்துக் கடித்து ஏறும் சத்தம் பெட்டிக்குள் கேட்கும். 1899-ல் குன்னூர் வரைக்கும், 1908-ல் ஊட்டி வரைக்கும் பாதை வந்தது. 2005-ல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. அதில் ஓடும் புதுப் பெட்டிகள் சில நம்ம பெரம்பூர் ஐ.சி.எஃப்பில் செய்தவை. அங்கே வேலை பார்த்த பெரியவர்கள் குழுவில் இருந்தால் ஜன்னலை விட்டுவிட்டுப் பெட்டியின் அடியையே பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

இ-பாஸ் நாங்கள் எடுக்க வேண்டுமா?

வேண்டாம். சென்னை உயர் நீதிமன்ற உத்தரவுப்படி 2024 மே 7 முதல் நீலகிரிக்கும் கொடைக்கானலுக்கும் வெளி வண்டிகளுக்கு இ-பாஸ் வந்தது. நாம் போவது ரயிலில். மேலே ஓடுவது டி.என். 43 பதிவெண் கொண்ட உள்ளூர் வேன். தனியாக காரில் வந்து சேர்ந்துகொள்கிறேன் என்கிறவர்கள் அவரவர் எடுத்துக்கொள்ளுங்கள். சீசனில் ஒரு நாளைக்கு இத்தனை வண்டிதான் என்ற வரம்பும் இருக்கிறது.

பிளாஸ்டிக் விஷயத்தில் ஏமாற்ற முடியாது. தண்ணீர் பாட்டில், கேரி பேக் எல்லாவற்றையும் சோதனைச் சாவடியில் பிடுங்கி அபராதமும் போடுவார்கள். ஸ்டீல் பாட்டில் கொண்டுவாருங்கள்.

எந்த மாதம் நல்லது?

ஜனவரி முதல் மார்ச் வரை. ஏப்ரல், மே கூட்டம் அதிகம், ரயில் டிக்கெட்டும் கஷ்டம். அக்டோபர், நவம்பரில் நாங்கள் போவதே இல்லை. வடகிழக்குப் பருவமழை கோத்தகிரி, குன்னூர்ச் சரிவில்தான் நேராக மோதும். 2009 நவம்பரில் நிலச்சரிவில் 40 பேருக்கு மேல் செத்தார்கள். மழைக் காலத்தில் மலை ரயிலும் அடிக்கடி நிற்கும்.

குளிர் தாங்குமா? வயதானவர்கள் வரலாமா?

ஜனவரியில் ஊட்டிப் பக்கம் விடியற்காலையில் புல் மேல் உறைபனி படியும். கோத்தகிரி அவ்வளவு இல்லை என்றாலும் நமக்கு அதுவே அதிகம். மார்கழியில் மஃப்ளர் கட்டும் ஊர்க்காரர்கள் நாம். ஸ்வெட்டர், குல்லா, சாக்ஸ் கட்டாயம்.

தினமும் இரண்டு மூன்று கிலோமீட்டர் ஏற்ற இறக்கமாக நடக்க முடிந்தால் எந்த வயதிலும் வரலாம். முட்டிவலி உள்ளவர்கள் இரண்டாம் நாளை மட்டும் யோசியுங்கள், தேயிலைத் தோட்டத்துக்குள் செங்குத்துப் படிகள் உண்டு. கொண்டை ஊசி வளைவில் வாந்தி வருகிறவர்கள் காலையில் வயிறு முட்டச் சாப்பிடாதீர்கள், முன் சீட்டு கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். மழை பெய்திருந்தால் அட்டைப்பூச்சி ஏறும், உப்பு வைத்திருப்போம்.

கழிவறை தங்குமிடத்தில் நன்றாக இருக்கும். கிராமத்தில் யாராவது ஒருவர் வீட்டுடையதைத்தான் கேட்டுப் பயன்படுத்த வேண்டும். தண்ணீரைச் சிக்கனமாகச் செலவழியுங்கள், குழாயடிக் குடத்தின் அருமை தெரியாதவர்களா நாம்.

காட்டுக்குள் டிரெக்கிங் உண்டா?

இல்லை. 2018 மார்ச்சில் குரங்கணியில் நடந்த காட்டுத்தீக்குப் பிறகு மலையேற்றத்துக்கு அரசு தனி விதிகள் போட்டது. வனத்துறை அனுமதி இல்லாமல் காட்டுக்குள் கால் வைக்கக் கூடாது. நடந்தே ஆக வேண்டும் என்கிறவர்களுக்கு அரசின் 'டிரெக் தமிழ்நாடு' திட்டம் 2024-லிருந்து இருக்கிறது. அங்கே பதிவு செய்தால் மலைக் கிராமத்து இளைஞர்களே வழிகாட்டியாக வருவார்கள். நாங்கள் நடப்பதெல்லாம் ஊர்ப் பாதையிலும் தேயிலைத் தோட்டத்திலும்தான். அங்கேயும் காட்டெருமை வரும், கரடி வரும். வழிகாட்டித் தம்பி நில் என்றால் நிற்க வேண்டும்.

கிராமத்திலேயே ஒரு ராத்திரி தங்கலாமா?

ஆசை எங்களுக்கும் உண்டு. இரண்டு அறை உள்ள வீட்டில் பத்துப் பேர் படுத்தால் அந்த வீட்டுக்காரர்கள் எங்கே படுப்பார்கள்? வேண்டாம்.

ஐந்து நாள் லீவு கிடைக்காது. பக்கத்தில் ஏதாவது?

ஜவ்வாது மலை. திருவண்ணாமலை, திருப்பத்தூர், வேலூர் மாவட்டங்களில் பரந்து கிடக்கிறது, மலையாளி என்ற பழங்குடி மக்களின் ஊர்கள். பெயரைப் பார்த்துக் கேரளம் என்று நினைக்காதீர்கள். தமிழ்தான் பேசுகிறார்கள், முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து மலையேறியதாகச் சொல்கிறார்கள். ஜமுனாமரத்தூரை மையமாக வைத்து இரண்டு நாளில் போய் வரலாம். சாமையும் தேனும் நல்லவை. மலையின் மறுபக்கம் காவலூரில் வைணு பாப்பு வானாய்வகம், 2.34 மீட்டர் தொலைநோக்கி. அதை ஒரு தனிப் பயணமாகத் தொடங்கும் எண்ணம் இருக்கிறது.

இருளர்களைச் சந்திக்க மலை ஏற வேண்டியதே இல்லை. பொன்னேரி, கும்மிடிப்பூண்டி பக்கம் ஏரிக்கரை ஓரங்களில் இருக்கிறார்கள்; மீஞ்சூர் தாண்டிப் போகிறவர்கள் தினமும் பார்த்துக்கொண்டுதான் போகிறோம். செங்கல் சூளையில், அரிசி ஆலையில் கொத்தடிமையாக இருந்து மீட்கப்பட்டவர்கள் அவர்களில் எத்தனையோ பேர். அங்கே சுற்றுலா நடத்த மாட்டோம். சாதிச் சான்றிதழ், பட்டா வேலைகளுக்கு மனு எழுதித்தர வட சென்னையிலிருந்து ஆட்கள் போகிறார்கள். சேர விருப்பம் இருந்தால் சொல்லுங்கள், அறிமுகம் செய்கிறோம்.

கட்டணத்தில் கிராமத்துக்கு என்ன போகிறது?

ரயில் வகுப்பைப் பொறுத்துத் தொகை மாறும், ஒவ்வொரு பயண அறிவிப்பிலும் பிரித்துப் போட்டிருப்போம்: ரயில், வேன், தங்கல், சாப்பாடு, ஊர்ப் பங்கு, எங்கள் கூலி. ஊர்ப் பங்கில் சமைத்தவருக்கும் வழிகாட்டிக்கும் அன்றைக்கே கையில் பணம். மிச்சம் ஊர்ப் பொதுவுக்கு. அதை என்ன செய்தார்கள் என்று நாங்கள் கணக்குக் கேட்பதில்லை. ஒரு ஊரில் அந்தப் பணத்தில் கோயிலுக்குப் பெயின்ட் அடித்தார்கள். பள்ளிக்கூடத்துக்குச் செலவழித்திருக்கலாமே என்றார் குழுவில் ஒருவர். அவர்கள் பணம், அவர்கள் பெயின்ட்.

போகிற நாளில் ஊரில் வேண்டாம் என்று சொல்லிவிட்டால்?

நடக்கும். சாவு விழுந்தால், யானை வந்து வாழையை மிதித்துப் போட்டிருந்தால், வேறு ஏதோ காரணத்தால் அன்றைக்கு ஆள் பேச மனசில்லாமல் இருந்தால், வர வேண்டாம் என்று காலையில் போன் வரும். காரணம் கேட்க மாட்டோம். அன்றைக்கு நாள் முழுக்க கோத்தகிரி கடைவீதியும் டீயும்தான், அல்லது கோடநாடு காட்சிமுனை வரை வேனில் ஒரு நடை. அந்த நாளுக்கான ஊர்ப் பங்கு திருப்பித் தரப்படாது, அது ஊருக்குப் போய்விடும். இதற்குச் சம்மதம் என்றால் மட்டும் முன்பணம் கட்டுங்கள்.